வித்தும் வித்தியும்

சொல்லைக் கற்றவன் பொருளையும் கற்றுவிட்டதாக எண்ணிக்கொள்வது பண்டிதர்களைப் பற்றும் பழைய நோய். அந்நோய் எனக்கும் உண்டு. முப்பது ஆண்டுகள் தமிழ் கற்பித்த பின்னரும் அஃது என்னை விட்டபாடில்லை. அண்மையில் ஒரு சிறு செடி அதற்கு மருந்தாயிற்று. முழுதும் குணமாயிற்று என்று சொல்லேன். நோய் இன்னதென்று தெரிந்தது. அந்த வரலாற்றையே இங்கு எழுதப் புகுகின்றேன். செடியின் செய்தியே இதில் மிகுதி. என் செய்தி, செடியைக் காட்டுவதற்கு வேண்டிய அளவே.

பட்டிப்பொலவை வாசகர் பலர் புகைவண்டியிற் கடந்து சென்றிருப்பர். பதுளைப் பாதையில், கடல்மட்டத்துக்கு மேல் 6,200 அடிக்கும் அதிகமான உயரத்தில் உள்ளது அந்நிலையம். இலங்கையின் நிலையங்கள் அனைத்தினும் உயர்ந்தது அதுவே. அதனைக் கடந்தால் பாதையின் உச்சி; உச்சிக்கு அப்பால் ஒரு சுரங்கம்; சுரங்கத்துக்கு அப்பால் ஒகிய. சுரங்கத்தின் இப்புறத்தில் மழையும் மூடுபனியுமாக இருக்க, அப்புறத்தில் வெயில் எறிப்பதைப் பயணிகள் வியந்து பேசுவர். ஹோட்டன் சமவெளிக்குச் செல்வோர் இறங்கும் ஊரும் இதுவே. எங்களுக்கு இங்கே வியப்பு எதுவும் இல்லை. குளிர் உண்டு, உருளைக்கிழங்கும் லீக்ஸும் கரட்டும் உண்டு, நனைந்த மண்திட்டுகள் தோறும் பன்னங்கள் உண்டு. தமிழகத்தார் பெரணி என்று வழங்குவதை ஈழத்துப் பாடநூல்கள் பன்னம் என்று வழங்குகின்றன.

நான் கற்பிக்கும் பாடசாலையில் ஒரு தவணைக் காலம் விஞ்ஞான ஆசிரியர் இல்லாமற் போயிற்று. இருந்தவர் மாற்றலாகிச் சென்றார், வரவேண்டியவர் வரவில்லை. பாடவேளைகளை அதிபர் எங்களுக்குள்ளே பங்கிட்டுத் தந்தார். தரம் பத்தின் தாவரப் பகுதி என் பங்கில் விழுந்தது. "பண்டிதர், புத்தகம் தமிழிலேதானே இருக்கின்றது, வாசித்து விளக்கிவிடுங்கள்" என்றார் அதிபர். எனக்கும் அப்படியே தோன்றிற்று.

பூவாத தாவரங்களைப் பற்றிய பாடம் வந்தது. பன்னத்தின் இலைக்குப் பின்புறத்தில் உள்ள பழுப்புப் புள்ளிகளில் 'வித்தி' உண்டாகின்றது என்று நூல் கூறிற்று. சொல்லைக் கண்டதும் எனக்கு உற்சாகம் பிறந்தது. வித்துதல் என்றால் விதைத்தல். வித்தி என்றால் விதைத்து; பழந்தமிழில் அது வினையெச்சமாகப் பயின்று வரும் சொல். அதனை இங்கே பெயர்ச்சொல்லாக்கி, விதைக்கப்படும் சிறு பொருளுக்கு இட்டிருக்கின்றார்கள் என்று கரும்பலகை நிறைய எழுதினேன். முடிவில், "ஆகவே வித்தி என்பது மிகச் சிறிய விதை" என்றேன்.

பின்வாங்கிலிருந்து ஒரு மாணவி எழுந்தாள். "சேர், வித்தி விதையென்றால், பன்னத்தை விதையில்லாத தாவரம் என்று புத்தகத்தில் ஏன் போட்டிருக்கிறார்கள்?"

நான் நூலை மறுபடி பார்த்திருக்க வேண்டும். பார்க்கவில்லை. "முதலில் சொல்லை ஒழுங்காகப் படி; பிறகு புத்தகத்தோடு சண்டை பிடிக்கலாம்" என்றேன். வகுப்புச் சிரித்தது. அவள் அமர்ந்துவிட்டாள்.

கதை அவ்வளவோடு முடிந்திருந்தால் நான் இன்று எழுதமாட்டேன். தவணைப் பரீட்சையில் 'வித்தி என்றால் என்ன?' என்று வினாவியிருந்தேன். ஏனையோர் நான் சொன்னபடி 'சிறிய விதை' என்று எழுதினர். அவள் மட்டும், 'வித்தி விதையன்று, ஒரு கலத்தாலானது, அதனுள் முளையம் இல்லை' என்று எழுதியிருந்தாள். அதன்மேல் சிவப்பு மையாற் குறுக்கே கோடிட்டு, இரண்டு புள்ளிகளையும் குறைத்தேன். விடைத்தாளைப் பெற்றுக்கொண்டு என் மேசையருகே சிறிது நேரம் நின்றாள். ஒன்றும் பேசவில்லை. போய்விட்டாள்.

அக்காவின் ஓடை

அடுத்து வந்த சித்திரை விடுமுறையில் நான் நீலகிரிக்குச் சென்றேன். கோத்தகிரிப் பக்கத்தில் என் அக்கா இருக்கின்றார்.

அக்கா அங்கே போன வரலாறு மலையகத்தார் எவருக்கும் தெரிந்த வரலாறுதான். 1964 ஒக்டோபர் மாதத்தில் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் ஆயிற்று. 5,25,000 பேரை இந்தியா ஏற்பது, 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை அளிப்பது, எஞ்சிய 1,50,000 பேரைப் பின்னர் பேசிக்கொள்வது என்று முடிவு செய்தார்கள். எங்கள் தந்தையார் இலங்கைக் குடியுரிமைக்கு விண்ணப்பித்திருந்தார். அத்தானின் வீட்டார் இந்தியாவுக்கு விண்ணப்பித்திருந்தனர். ஒரே லயத்தில், ஒரே சுவரின் இரு பக்கத்திலும், இரண்டு நாட்டார் ஆனோம். 1982இல் அக்காவும் அத்தானும் தலைமன்னாருக்குப் புகைவண்டி ஏறினர். அந்த வண்டிக்கு எங்கள் மக்கள் இட்ட பெயர் 'ஒப்பாரிக் கோச்சி'. எனக்கு அப்போது வயது பதின்மூன்று. இரண்டு ஆண்டு கழித்து, 1984இல், இராமேசுவரத்துக்கான கப்பற் போக்குவரவும் நின்றுபோயிற்று.

தாயகம் திரும்பியோருக்கு வேலை கொடுக்கவென்று தமிழ்நாட்டு அரசு 1968 முதல் நீலகிரியில் தேயிலை பயிரிட்டது. அத்தகைய தோட்டம் ஒன்றில் அக்கா கொழுந்தெடுத்தார். இப்போது ஓய்வு. அவருடைய பேத்தி கல்லூரியிலே தாவரவியல் படிக்கின்றாள்.

சென்ற மறுநாட் காலையில், அக்கா வீட்டுக்குக் கீழே ஓடும் ஓடையிற் பாத்திரம் துலக்கிக்கொண்டிருந்தார். அவர் கையிலே நாரோ சாம்பலோ இல்லை; பச்சைக் குச்சிகளின் பிடியொன்று இருந்தது. கரி பிடித்த அடி, அந்தக் குச்சி பட்டதும் வெளுத்தது.

"இது என்ன அக்கா?"

"பேரு யாருக்குத் தெரியும் தம்பி. நல்லாத் தேய்க்கும். ஓடையோரம் பூராவும் இதுதான்."

"அதுதான் தாத்தா குதிரைவால்" என்றாள் பேத்தி.

நான் சிரித்தேன். குதிரைவாலி எனக்குத் தெரியாதா? வரகு, சாமை, தினை என்னும் வரிசையில் வரும் சிறுதானியம் அல்லவா? அதனைச் சொன்னேன். இப்போது சிரிப்பது அவள் முறையாயிற்று. "அது குதிரைவாலி, இது குதிரைவால். அது பூத்துத் தானியம் தரும் புல். இதற்குப் பூவும் இல்லை, விதையும் இல்லை." ஒரே மாதத்தில் இரண்டாம் முறையாக ஒரு சொல் என் காலை வாரிவிட்டது.

இச்செடிக்குத் தாவரவியலார் இட்ட பெயர் எக்குவிசெற்றம். இலத்தீனில் எக்குவஸ் குதிரை. சேற்றா முரட்டு மயிர். அதனால் ஆங்கிலத்திலும் குதிரைவால் என்றே வழங்கலாயிற்று; தமிழ்ப் பெயர் அதன் நேர்ப்பெயர்ப்பு. பெயரிலே குதிரை இருப்பினும் குதிரைக்கும் இதற்கும் பகை. வைக்கோலிற் கலந்து மிகுதியாக உண்ட குதிரை நஞ்சூட்டம் பெறும். உடலுக்கு வேண்டிய தயமின் என்னும் உயிர்ச்சத்தை அழிக்கும் பொருள் இச்செடியில் உண்டு.

செடியைக் கையில் வாங்கிப் பார்த்தேன். மூங்கிற்குருத்தைப் போலக் கணுக்கணுவான தண்டு, நெடுக வரிவரியான மேடுகள், உள்ளே துளை. ஒவ்வொரு கணுவிலும் பல்வரிசை போன்ற விளிம்புள்ள சிறு உறை. அந்த உறைதான் இலை! இலைகள் சிறுத்து ஒன்றோடொன்று ஒட்டி உறையாகிவிட்டன. உணவு சமைக்கும் தொழிலைப் பச்சைத் தண்டே ஏற்றுக்கொண்டது. தண்டின் புறத்தோலிலே சிலிக்கா படிந்திருக்கின்றது. மணலில் உள்ள அதே பொருள். அக்காவின் பாத்திரம் வெளுத்த காரணம் அது. ஐரோப்பியர் ஈயப் பாத்திரம் துலக்கியதும், யப்பானியர் மரவேலையை மெருகிட்டதும் இவ்வினச் செடிகளைக் கொண்டே.

எனக்குத் தொல்காப்பியர் நினைவு வந்தது. புறத்தே வயிரம் உடையனவற்றைப் புல் என்றும், அகத்தே வயிரம் உடையனவற்றை மரம் என்றும் மரபியலில் அவர் வகுத்தார். தெங்கும் மூங்கிலும் அவ்வகையிற் புல்லாகும். உள்ளே துளையும் வெளியே வயிரமும் கொண்ட இச்செடியும் அவர் கணக்கிற் புல்லே. கண்ணாற் கண்டு வகுத்த வகுப்பு அது. அக்காலத்துக்குப் பெரிய வகுப்பு. ஆயினும் இனம் பெருக்கும் முறையைக் கொண்டு வகுத்தால், புல்லுக்கும் குதிரைவாலுக்கும் இடையே பெருந்தொலைவு உண்டு. அந்தத் தொலைவைத்தான் பேத்தி எனக்குக் காட்டினாள்.

கூம்பின் உள்ளே

சில தண்டுகளின் நுனியில், சிறுவிரல் நகத்தின் நீளமும் அதற்குச் சற்றே மிஞ்சியும், கூர்நுனியோடு ஒரு கூம்பு இருந்தது. பூமொட்டென்றே எவரும் கொள்வர். நீலகிரியில் வளரும் வகையில் இக்கூம்பு பச்சைத் தண்டின் நுனியிலேயே உண்டாகின்றது. குளிர்நாடுகளிற் பரவியுள்ள வயற் குதிரைவாலின் வழக்கம் வேறு. அதில் இளவேனிலின் தொடக்கத்தில் பசுமையும் கிளையும் அற்ற வெளிறிய தண்டொன்று கூம்பைத் தாங்கி மண்ணிலிருந்து எழும்; தன் தூளைச் சிந்தி மடியும்; அதன் பின்னரே பச்சைத் தண்டுகள் தோன்றும்.

கூம்பைப் பேத்தி நீளவாக்கிற் பிளந்தாள். நடுவே ஓர் அச்சு. அச்சைச் சுற்றி வளையம் வளையமாகச் சிறு குடைகள். ஒவ்வொரு குடைக்கும் ஒரு காம்பு. காம்பின் நுனியில் அறுகோணத் தட்டு. தட்டுகள் ஒன்றையொன்று நெருங்கி, தேன்கூட்டின் மூடிகளைப் போலக் கூம்பின் வெளிப்புறத்தை அடைத்துக்கொள்கின்றன. ஒவ்வொரு தட்டின் உட்புறத்திலும், அச்சை நோக்கியவாறு, ஐந்து முதல் பத்து வரையிலான சிறு பைகள் தொங்குகின்றன. அப்பையே வித்திக்கலன்.

இளம் பையினுள்ளே தாய்க்கலங்கள் திரண்டிருக்கும். அவற்றுள் ஒரு பகுதி முதிர்வதற்கு முன்னரே சிதைந்து, பையின் உட்சுவர்க் கலங்களோடு சேர்ந்து குழம்பாகி, எஞ்சியவற்றுக்கு ஊட்டமாகின்றது. எஞ்சிய தாய்க்கலம் ஒவ்வொன்றும் ஒடுக்கற்பிரிவினால் நான்காகின்றது. குதிரைவாலின் உடற்கலத்தில் நிறமூர்த்தங்கள் 216; பிரிவு முடிந்து பிறக்கும் வித்தியில் அதிற் பாதி, 108. அந்த நான்கும் நான்கு வித்திகள். எல்லாம் ஒரே அளவின; எல்லாம் உருண்டை; எல்லாம் பச்சை.

பன்னத்தின் வித்திகள் பெரும்பாலும் பழுப்பு நிறத்தன. உறங்கிக் கிடந்து, பல மாதம் சென்றும் முளைக்க வல்லன. குதிரைவாலின் வித்தியோ பச்சையத்தோடு பிறக்கின்றது. விழித்துக்கொண்டே பிறக்கும் பிள்ளை அது. அதனால் அதற்கு ஆயுளும் குறைவு. சில நாள்களில், மிஞ்சினால் இரண்டு மூன்று கிழமைகளில், ஈரமண்ணை அடையாவிடின் முளைக்கும் ஆற்றலை இழந்துவிடும்.

வித்தி முதிர்ந்ததும் கூம்பின் அச்சு சற்றே நீள்கின்றது. ஒட்டியிருந்த தட்டுகள் விலகுகின்றன. இடைவெளியாற் காற்றுப் புகுந்து பைகளை உலர்த்துகின்றது. உலர்ந்த பை நெடுக வெடிக்கின்றது. பச்சைத் தூள் வெளிப்படுகின்றது.

மூச்சுக்கு அசையும் தூள்

பேத்தியிடம் காகிதத்தால் மடித்த நுணுக்குக்காட்டி ஒன்று இருந்தது. அமெரிக்காவில் ஸ்ரான்போட் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த மனு பிரகாஷ் என்னும் இந்தியர் தம் குழுவினரோடு ஆக்கியது. ஏழை மாணவரும் வாங்கத்தக்க விலையது. வில்லை மிகச் சிறிது. உருவைப் பெருக்குவதோ நூறு மடங்குக்கு மேல். வெயிலுக்கு எதிரே அதனைப் பிடித்து, "பாருங்க தாத்தா" என்றாள்.

பச்சை உருண்டை ஒவ்வொன்றிலும் நான்கு நாடாக்கள் ஒரே இடத்திலிருந்து புறப்பட்டு, நாற்புறமும் நீண்டிருந்தன. நுனிகள் கரண்டி போல அகன்றிருந்தன. வித்தியின் வெளிச்சுவரே சுருள் சுருளாகக் கிழிந்து இந்நாடாக்களாகின்றது. வித்தியின் குறுக்களவு ஒரு மில்லிமீற்றரில் ஏறத்தாழ இருபதில் ஒரு பங்கு. நாடாவோ அதனைப்போல் பன்மடங்கு நீளம்.

"இப்போ இலேசா மூச்சு விடுங்க."

விட்டேன். என் மூச்சின் ஈரம் பட்டதும் நான்கு கைகளும் சுருண்டு உடலை இறுகத் தழுவிக்கொண்டன. சில நொடியில் ஈரம் உலர்ந்தது. கைகள் மறுபடி விரிந்தன. விரியும்போது உருண்டைகள் தள்ளாடின, நகர்ந்தன, ஒன்றிரண்டு பார்வை எல்லையை விட்டே துள்ளி மறைந்தன. மீண்டும் மூச்சு, மீண்டும் தழுவல். நான் எத்தனை முறை அவ்வாறு செய்தேனோ, அறியேன். அக்கா மேலே இருந்து சாப்பிடக் கூப்பிட்டதும் காதில் விழவில்லை.

இவ்வசைவு உயிரின் தொழிலன்று. நாடாவின் இரு படைகள் ஈரத்தை ஒரே அளவில் ஏற்பதில்லை. அதனால் ஈரத்திற் சுருளும், வறட்சியில் விரியும். வித்தி இறந்த பின்னும் நாடா அசையும். 2013இல் பிரான்சின் கிரெனோபிள் நகரத்து ஆய்வாளர் மார்மொத்தானும் அவர்தம் தோழரும் இவ்வசைவை விரைவுப் படமெடுத்து அளந்தனர். காற்றின் ஈரப்பதன் ஏறியிறங்கும்போது வித்திகள் நிலத்தில் அங்குமிங்கும் 'நடக்கின்றன' என்றும், மடிந்திருந்த நாடா சட்டென விடுபடும்போது தம் பருமனிற் பல மடங்கு உயரம் 'குதிக்கின்றன' என்றும், குதித்தவை காற்றில் ஏறிச் செல்ல வல்லன என்றும் கண்டனர். நாடாக்கள் ஒன்றோடொன்று பின்னிக்கொள்வதால், பல வித்திகள் கூட்டமாக ஓரிடத்தில் இறங்குவதும் உண்டு. அந்தக் கூட்டத்தின் பயன் பின்னே விளங்கும்.

காற்றிலே போகும் தூளைப் பார்த்துக்கொண்டிருந்த எனக்கு 1982இன் புகைவண்டி நினைவு வந்தது. வராமல் எப்படி இருக்கும்? ஆயினும் ஒப்புமையை நான் நீட்டமாட்டேன். வித்தியைக் காற்றுக் கொண்டுபோகின்றது. எம்மவரை ஒப்பந்தம் கொண்டுபோயிற்று. முன்னது இயற்கை, பின்னது கையொப்பம். இரண்டையும் ஒன்றாக்கினால் கையொப்பமிட்டவர்க்கு அது வசதியாகிவிடும்.

எச்சமும் முற்றும்

"சரி, இது மண்ணில் விழுந்தால் செடி முளைக்குமா?" என்று கேட்டேன்.

"முளைக்காது தாத்தா" என்றாள்.

பட்டிப்பொலப் பரீட்சைத்தாள் அப்போதுதான் என் கண்முன் வந்து நின்றது.

விதை என்பது ஒரு சிறு வீடு. உள்ளே முளையம் இருக்கின்றது. அஃது ஏற்கெனவே உருவாகிவிட்ட குழந்தை. உடன் அதற்கு உணவு. வெளியே காப்பாக உறை. அவரை விதையைப் பிளந்து பார்த்த சிறுவனும் இதனை அறிவான். வித்தியோ ஒரே கலம். அதனுள் முளையம் இல்லை. அது முளைத்தால் வருவது குதிரைவாற் செடியன்று. சில மில்லிமீற்றர் அளவே உள்ள, கணுவும் துளையும் கூம்பும் அற்ற, மடல் மடலான பச்சைத் துணுக்கு. புதிதாக வெளிப்பட்ட சேற்றில் அது தங்கும். அதற்குப் புணரித்தாவரம் என்று பெயர். கூம்பு தாங்கும் செடிக்கு வித்தித்தாவரம் என்று பெயர்.

புணரித்தாவரத்தில்தான் ஆண் பெண் உறுப்புகள் தோன்றுகின்றன. நெருக்கமும் வறுமையும் உள்ள இடத்தில் முளைத்தவை பெரும்பாலும் ஆணாகின்றன. இடமும் ஊட்டமும் வாய்த்தவை முதலிற் பெண் உறுப்புகளைத் தாங்குகின்றன. அவையே பின்னர் ஆண் உறுப்புகளையும் தாங்குவது உண்டு. ஆணணுவுக்கு நீந்துவதற்குச் சவுக்குமுளைகள் பல உள. ஆனால் நீந்துவதற்கு நீர் வேண்டும். ஒரு மழைத்துளி, ஓடையின் ஒரு தெறிப்பு, அது போதும். அந்த நீர்ப்படலத்தின் வழியே அது நீந்திச் சென்று பெண்ணணுவை அடைந்தால், 108உம் 108உம் கூடி மறுபடி 216 ஆகும். அதிலிருந்தே குதிரைவாற் செடி எழுகின்றது. அயலிலே துணை இல்லாவிடின் இக்கூட்டம் நிகழ்வது அரிது. வித்திகள் கைகோத்து இறங்குவதன் பயன் இதுவே.

இவ்வாறு இரண்டு தலைமுறைகள் மாறி மாறி வரும் ஒழுங்கினைப் பாசி, பன்னம், குதிரைவால் முதலியவற்றிலும், கூம்புடைய மரங்களிலும் ஒப்புநோக்கி 1851இல் வெளிப்படுத்தியவர் ஹொவ்மைஸ்ரர் என்னும் யேர்மானியர். பல்கலைக்கழகப் பட்டம் பெறாது, நூல் விற்பனையைத் தொழிலாகக் கொண்டிருந்தபடியே அதனைச் செய்தவர் அவர்.

இப்போது என் இலக்கணத்துக்கு வருகின்றேன். வித்தி என்பது பழைய வழக்கில் வினையெச்சம் என்றேன். அது பிழையன்று. எச்சத்தின் இயல்பு என்ன? தானே முடியாது, மற்றொரு வினையை வேண்டி நிற்கும். 'வித்தி' என்று நிறுத்தினால், கேட்போன் 'வித்தி என்ன செய்தான்?' என்பான். இச்செடியின் வித்தியும் அவ்வாறே. அது வித்தித்தாவரத்தின் முடிவன்று; புணரித்தாவரம் என்னும் மற்றொன்றை அவாவி நிற்பது. விதையோ, கூட்டம் நிகழ்ந்து முடிந்தபின் பிறப்பது, அது முற்று. எச்சத்தை முற்றென்று எழுதிய மாணவனுக்கு நான் புள்ளி தருவேனா? தரமாட்டேன். அந்தப் பிழையைத்தான் வகுப்பிற் கரும்பலகை நிறைய எழுதினேன். பிழையென்று சொன்னவளுக்குப் புள்ளியையும் குறைத்தேன்.

தமிழில் விஞ்ஞானம் கற்பிக்கலாம் என்று 19ஆம் நூற்றாண்டிலேயே மானிப்பாயில் மருத்துவர் சாமுவேல் கிறீன் செய்து காட்டினார். பின்னர் அரசகரும மொழித் திணைக்களத்தார் துறைதோறும் சொற்றொகுதிகள் ஆக்கினர். வித்துக்கும் வித்திக்கும் இடையே ஓர் எழுத்தின் வேறுபாட்டை வைத்தவர்கள் அதனை விளையாட்டாக வைக்கவில்லை. அந்த எழுத்தைக் காப்பது தமிழாசிரியன் கடமை. நானோ அதனை அழித்தேன்.

பெருமரங்களின் வழித்தோன்றல்

அக்கா பாத்திரம் துலக்கும் இச்செடியின் முன்னோர் சிறியோர் அல்லர். ஏறத்தாழ 30 கோடி ஆண்டுகளுக்கு முன், நிலக்கரிக் காலம் எனப்படும் ஊழியிலே, கலமைற்று என்னும் குதிரைவால் இனத்தன இருபது மீற்றருக்கும் மேலே ஓங்கி மரங்களாக நின்றன. சதுப்பிலே வீழ்ந்து புதைந்து அவையும் அவற்றின் தோழரும் நிலக்கரியாயினர். உலகின் புகைவண்டிகள் நெடுங்காலம் அக்கரியை எரித்தே ஓடின. பட்டிப்பொல உச்சியை இரும்புப் பாதை கடந்த 1890களில் எங்கள் மலைப்பாதையிலும் நீராவி வண்டியே ஓடிற்று. அந்தப் பெருங்குலத்தில் இன்று எஞ்சியிருப்பது எக்குவிசெற்றம் என்னும் ஒரே சாதி. அதில் ஏறத்தாழ பதினைந்து முதல் பதினெட்டு வரையிலான இனங்கள். குலம் சுருங்கினும் கூம்பும் குடையும் பையும் சுருங்கவில்லை. கற்சுவடுகளிலும் அவ்வமைப்பின் சாயலைக் காண்கின்றனர்.

வித்தி என்னும் சொல் பூஞ்சணத்தின் தூளுக்கும் வழங்கும். அந்த வித்தியொன்றே மலையகத்தின் தலைவிதியை மாற்றியது. 1869இல் இலங்கைக் கோப்பித் தோட்டங்களில் இலைத்துரு நோய் காணப்பட்டது. செம்மஞ்சள் நிறத் தூளாக இலையின் அடியிற் படிந்த வித்திகள் காற்றில் தோட்டம் விட்டுத் தோட்டம் சென்றன. 1880இல் இங்கு வந்து அதனை ஆராய்ந்தவர் மார்ஷல் வார்ட் என்னும் ஆங்கிலேய இளைஞர். காரணம் தெளிந்தது, கோப்பி பிழைக்கவில்லை. கோப்பி இருந்த மலைகளிலே தேயிலை ஏறிற்று. கண்ணுக்குத் தெரியாத தூள் என்று எதனையும் தள்ளிவிடலாகாது என்பதற்கு எங்கள் லயங்களே சான்று.

மீண்டும் வகுப்பறை

நான் திரும்பும்போது, செடியைக் கொண்டுவரவில்லை. நாடு விட்டு நாடு செடி கொண்டுபோவது குற்றம். குதிரைவாலின் வேர்த்தண்டு ஆழ ஓடிப் பிடித்துக்கொள்ளும் இயல்பினது. வந்த இடத்தில் களையாகிவிடும். பேத்தி தன் காகித நுணுக்குக்காட்டியை என் பையில் வைத்தாள். "எனக்குக் கல்லூரியில் பெரியது இருக்கு தாத்தா." அக்கா ஒன்றும் சொல்லவில்லை. பேருந்து நிலையம் வரையில் நடந்து வந்து, "பட்டிப்பொலவில் இன்னும் அந்தக் குளிர் இருக்கா தம்பி?" என்று மட்டும் கேட்டார்.

விடுமுறை முடிந்து முதல் நாள், வகுப்புக்குப் போகும் வழியில் மண்திட்டிலிருந்து முதிர்ந்த பன்ன இலை ஒன்றைப் பறித்தேன். வெள்ளைத் தாளின்மேல் அதனைக் கவிழ்த்து, மேலே நூல்களை அடுக்கி, அறையின் மூலையில் வைத்தேன். மறுநாள் எடுத்தபோது, இலையின் உருவம் பழுப்புத் தூளால் தாளிலே எழுதப்பட்டிருந்தது. பிள்ளைகள் ஒவ்வொருவராக வந்து நுணுக்குக்காட்டியிற் பார்த்தனர். பன்னத்தின் வித்திக்கு நாடா இல்லை. அதன் வித்திக்கலனில் ஒரு பாதி வளையம் உண்டு. அது உலரும்போது பின்னோக்கி வளைந்து, சட்டென மீண்டு, கவண் எறிவது போல வித்திகளை எறிகின்றது. அதனையும் சிலர் கண்டனர்.

அதன் பின்னர் கரும்பலகையில் எழுதினேன்: 'வித்தி விதையன்று, ஒரு கலத்தாலானது, அதனுள் முளையம் இல்லை.' எழுதி, "இது என் வாக்கியமன்று. சென்ற தவணையில் இவ்வகுப்பில் ஒருவர் பரீட்சையில் எழுதியது. அது சரி. நான் கோடிட்டது பிழை. அவர் கேட்டபோது உங்களைச் சிரிக்க வைத்தது அதனினும் பிழை" என்றேன்.

வகுப்பு அமைதியாக இருந்தது. இம்முறை எவரும் சிரிக்கவில்லை. அந்த மாணவி தலை குனிந்து கொப்பியில் ஏதோ எழுதிக்கொண்டிருந்தாள். விடைத்தாளைக் கொண்டுவரச் சொன்னேன். சிவப்புக் கோட்டை என் கையாலேயே அடித்து, இரண்டு புள்ளிகளையும் இட்டுக் கையொப்பமிட்டேன்.

அவள் இடத்துக்குத் திரும்பவில்லை. "சேர், ஒரு சந்தேகம்" என்றாள்.

"கேள்."

"வித்தி ஒரே கலம் என்றால், அது முளைத்து வருகிற சின்னச் செடிக்குத் தாய் யார்? பெரிய செடியா, வித்தியா?"

நான் வாய் திறந்தேன், மூடிக்கொண்டேன். சொல்லாராய்ச்சியால் ஒரு விடை நாவின் நுனி வரையில் வந்துவிட்டது. அதனை விழுங்கினேன். "புத்தகத்தை எடு. இருவரும் பார்ப்போம்" என்றேன்.